ஏழாம் திருவிழாவுக்கு வந்த கிறிஸ்மஸ் லைற்

எங்கள் அம்மன் கோயிலில் ஒரு வருசம் ஏழாம் திருவிழாவுக்குக் கிறிஸ்மஸ் லைற் பூட்டினது. பூட்டினவர்கள் நாங்கள்தான். புங்குடுதீவில் இந்தக் கதையை இன்றைக்கும் சொல்லிச் சிரிக்கிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்குத் தெரிந்தது பாதிக் கதை. மற்றப் பாதியை நான் இவ்வளவு காலமும் ஒருவருக்கும் சொல்லவில்லை, ஏனென்றால் எனக்கே அது பாதிதான் விளங்கியிருந்தது.

அப்போது எனக்கு ஒன்பது வயது. ஒரு இடத்தில் இருக்கத் தெரியாத பிள்ளை. சோறு தின்னும்போதும் ஒற்றைக் காலில் நின்றுதான் தின்பேன். "இவளுக்குக் காலிலை வண்டிச்சில்லுப் பூட்டிக் கிடக்கு" என்று அம்மா வருகிறவர் போகிறவர் எல்லோரிடமும் சொல்லுவா. அப்படிப்பட்ட பிள்ளையிடம் "நாளைக்கு வரும், நாளையிண்டைக்கு வரும்" என்று எதையாவது சொல்லிவைத்தால் என்ன நடக்கும்? அந்த வருசம் முழுக்க எனக்குச் சொன்னது அதுதான்.

எங்கள் ஊர்க் கோயிலில் கொடியேறினால் பத்து நாள் திருவிழா. ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு குடும்பத்தின் உபயம். குடும்பங்களில் முக்கால்வாசி இலண்டன், பாரிஸ், கனடா என்று போய்விட்டன. ஆனால் தங்கள் உபய நாளை மட்டும் ஒருவரும் விட்டுக்கொடுக்கவில்லை. அங்கேயிருந்து போனில் கட்டளை வரும், இங்கே லைற்காரர் யாழ்ப்பாணத்திலிருந்து லொறியில் வருவார். மயிலும் தாமரையும் ஓடி ஓடி எரியும். பெற்றோல்மாக்ஸ் கொளுத்தின காலம், ரியூப் லைற்றுக்குக் கலர்த்தாள் சுற்றின காலம், சண்டையில் கரண்டே இல்லாமல் இருந்த காலம் என்று அப்பா வரிசையாகச் சொல்லத் தொடங்குவார். எனக்கு அதையெல்லாம் கேட்கப் பொறுமை இல்லை. ஊர்காவற்றுறையில் கிறிஸ்மஸ் என்கிற நத்தாருக்கு நட்சத்திரம் எரியும், நயினாதீவுப் புத்த கோயிலில் வெசாக்குக்குக் காகிதக் கூடு எரியும், எங்கள் நாளில் மட்டும் அம்மன் ஏன் இருட்டில் இருக்கவேணும் என்பதுதான் என் கேள்வி. திருவிழா முடிந்தால் ஊரில் ஒருவரும் சாத்துப்படி எப்படி, மேளம் எப்படி என்று கேட்பதில்லை. "லைற் எப்பிடி?" இது ஒன்றுதான்.

அந்தக் கேள்வி வந்தால் ஏழாம் திருவிழாக்காரர் நாங்கள் வேறு பக்கம் பார்ப்போம். அப்பா தீவுப் பள்ளிக்கூடத்தில் சயன்ஸ் மாஸ்ரர். எங்கள் நாளில் ஆறு ரியூப் லைற் எரியும், அதில் ஒன்று எப்போதும் வெட்டி வெட்டித்தான் எரியும்.

அப்படியிருக்கும்போதுதான் கனடாவிலிருந்து மாமி போன் எடுத்தா. மாமி அப்பாவின் ஒரே அக்கா. சண்டைக்குள் வெளிக்கிட்டுப் போனவ, நான் பிறந்ததற்குப் பிறகு ஒருமுறையும் வரவில்லை. எனக்கு அவ ஒரு போன் திரை, அதில் பாதி நெற்றி, மீதி வீட்டுக் கூரை. "இந்தமுறை நான் வாறன். லைற் என்ரை பொறுப்பு. லைற்காரரைச் சொல்லிப்போடாதேங்கோ" என்றா. அன்றிலிருந்து எனக்கு நித்திரை இல்லை.

ஐந்தாம் திருவிழா அன்று மாமி வந்தா. வான் வருகிறதா என்று சந்திக்கு நான் எத்தனை தரம் ஓடினேன் என்று எனக்கே கணக்கில்லை. இரண்டு சூட்கேஸ். ஒன்றில் உடுப்பும் சொக்லேற்றும். மற்றதைத் திறந்தால் முழுக்க லைற் பெட்டிகள். பெட்டி மட்டையில் பனி மூடின வீடு, ஊசி இலை மரம், சிவப்புச் சட்டை போட்ட தாடிக்காரக் கிழவன்.

"மச்சாள், உதிலை நத்தார் தாத்தாவெல்லோ நிக்கிறார்?" என்று அம்மா பயந்து பயந்து கேட்டா.

"பெட்டியை எறிஞ்சுபோட்டால் தாத்தாவும் போயிடுவார். பல்ப்புக்கு என்ன சமயம்?" என்றா மாமி.

அங்கே நத்தார் முடிந்த அடுத்த கிழமை கடைக்காரர் இவற்றை அரைவிலைக்குத் தள்ளுவார்களாம். ஒவ்வொரு வருசமும் மாமி பனிக்குள்ளால் பஸ் பிடித்துப் போய் இரண்டு சரம் வாங்குவாவாம், வாற திருவிழாவுக்குக் கட்டாயம் ஊருக்குப் போறேன் என்று. பிறகு விசா இல்லை, வேலையில் லீவு இல்லை, மாமாவுக்கு இருதய வருத்தம். பெட்டிகள் நிலத்துக்குக் கீழ் அறையில் சேர்ந்துகொண்டே போயிருக்கின்றன. பன்னிரண்டு வருசம், இருபத்துநாலு சரம். இதைச் சொல்லும்போது மாமி ஒவ்வொரு பெட்டியாகத் தடவித் தடவிக் கீழே வைத்தா. எனக்கென்றால் எப்போது கொளுத்துவார்கள் என்ற ஒரே அவதி.

வீட்டில் மாமிக்கு நடந்த உபசாரம் கொஞ்சநஞ்சம் இல்லை. அப்பாவின் கட்டில் அவவுக்கு. தண்ணீர் கொதிக்கவைத்து ஆறவைத்தது. அலுமாரிக்குள் ஒளித்துவைத்திருந்த தங்கக்கரைக் கோப்பை வெளியே வந்தது. மாமி குசினிக்குள் வந்து திருவலையை இழுத்துவைத்துத் தேங்காய் துருவ உட்கார்ந்தா. அம்மா பாய்ந்து போய்ப் பறித்தா. "ஐயோ மச்சாள், நீங்கள் போய் இருங்கோ, களைச்சு வந்தனீங்கள்." முற்றம் கூட்டப் போனா, விளக்குமாற்றை வாங்கிப்போட்டார்கள். கிணற்றில் அள்ளப் போனா, அப்பாவே ஓடிப்போய் அள்ளிக் கொடுத்தார். மாமி எங்கே போனாலும் பின்னால் கதிரையைத் தூக்கிக்கொண்டு போவது என் வேலை. எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. வேலை செய்ய ஆசைப்படுகிற ஒரு மனுசியை விடுகிறார்கள் இல்லை, ஆசைப்படாத என்னைத்தான் போட்டு ஏவுகிறார்கள்.

ஆறாம் திருவிழா அன்று காலையில் அப்பா ஒரு பெட்டியைத் திறந்தார். மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வயரில் ஒட்டியிருந்த சின்ன எழுத்தை வாசித்தார். இன்னொன்றை எடுத்து வாசித்தார். பிறகு எல்லாவற்றையும் வீட்டுக்குப் பின்பக்கம் கொண்டுபோய்ப் பாயை விரித்து, கத்தியால் சரங்களின் பிளக்கை வெட்டத் தொடங்கினார்.

மாமி பதறிப்போனா. "எட, என்னடா செய்யிறாய்? புதுச் சாமானெல்லோ! குத்திறது, எரியிறது, அவ்வளவுதான். அங்கை ஒருத்தரும் உப்பிடி வெட்டுறேல்லை!"

"இஞ்சத்தைப் பொயின்றுக்குள்ளை உந்தத் தட்டை முனை போகாது அக்கா."

"அதுக்குத்தான் நான் அடப்டர் கொண்டு வந்தனான்."

"ஒண்டுதானே கொண்டு வந்தனீங்கள். நீங்கள் போய் இருங்கோ, நான் பாக்கிறன்."

மாமியின் முகம் சுருங்கிப்போயிற்று. நான் கதிரையோடு பக்கத்தில் நின்றேன், முழுக்க முழுக்க மாமியின் கட்சி. அப்பா திறந்த ரேடியோ திரும்பப் பாடினதாக எங்கள் வீட்டில் சரித்திரம் இல்லை. அவரோ நிமிர்ந்தும் பாராமல், ஒரே மாதிரிச் சரங்களாகத் தேடி எடுத்து, இரண்டிரண்டாக முறுக்கிச் சேர்த்து, ஒட்டுகிற கறுப்பு ரேப் சுற்றிக்கொண்டிருந்தார். ஏன் இரண்டிரண்டு என்று நான் கேட்டேன். "பேசாமல் போ" என்றார். சயன்ஸ் மாஸ்ரர் கேள்விக்குப் பதில் சொல்லாமல் விட்டது அன்றைக்குத்தான்.

கடைசிச் சோடியை வெட்ட முதலே ரேப் முடிந்துவிட்டது. பின்னேரம் அப்பா ரேப் வாங்கக் கடைக்குப் போனார். பூ மாலை கட்ட அம்மா கோயிலுக்குப் போனா, கதிரையில் இருந்து பார்க்க மாமியும் கூடப் போனா. "அந்தப் பெட்டி ரெண்டையும் தொட்டியோ, கையை முறிப்பன்" என்றுவிட்டுத்தான் அம்மா படலையைச் சாத்தினா. என்னை வீட்டுக்குக் காவல் வைத்தது அவர்களுடைய பிழை.

வீட்டை நான்கு தரம் சுற்றினேன். கிணற்றை எட்டிப் பார்த்தேன். ஆட்டுக்குட்டியோடு சண்டை பிடித்தேன். பிறகு பார்த்தால் ஒரு பெட்டி என் மடியில் இருக்கிறது. மாமி போன் சார்ஜ் போடுகிற அடப்டர் சுவரில் இருந்தது. வெட்டாமலே எரியும் என்று அப்பாவுக்குக் காட்டினால் என்ன? குத்தி, சுவிச்சைப் போட்டேன்.

அப்படி ஒரு வெளிச்சத்தை நான் கண்டதில்லை. அறையே வெள்ளையாகிவிட்டது. "அம்மாளாச்சி!" என்று வாய் பிளந்து நான் மூச்சு விட முதல், பட் பட்டென்று ஒவ்வொன்றாகக் கறுத்து, எல்லாம் அணைந்துபோயிற்று. எரிந்த மணம் மட்டும் நின்றது.

ஏன் அணைந்தது என்று எனக்கு உடனேயே தெரிந்துவிட்டது. மூன்றாம் திருவிழா அன்று என் வகுப்புச் சிநேகிதி வீட்டில் நான் ஒரு துண்டு ஓரா மீன் பொரியல் தின்றிருந்தேன். கொடியேறினால் எங்கள் வீட்டில் சட்டிபானை முதற்கொண்டு மாற்றி, பத்து நாளும் சுத்த சைவம். ஏழாம் திருவிழாக்காரியாகிய நானோ மீன் தின்ற கையால் அம்மனுடைய லைற்றைத் தொட்டிருக்கிறேன். எரியாமல் என்ன செய்யும்?

சரத்தைத் தென்னோலைக் கிடுகுக் கட்டுக்குப் பின்னால் செருகினேன். மணம் போகச் சாம்பிராணி போட்டேன். திரும்பி வந்த அம்மா மூக்கை உறிஞ்சி, "பாருங்கோ மச்சாள், பிள்ளைக்கு இப்பவாவது பக்தி வந்திருக்கு" என்று என் தலையைத் தடவினா. நான் கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்தேன்.

அப்பா ரேப்போடு வந்து பார்த்தார். ஒரு பெட்டிதான் இருந்தது. "மற்றது எங்கை?" என்று என்னைக் கேட்டார். தெரியாது என்றேன். மாமியிடம் கேட்டிருந்தால் எல்லாம் அப்போதே வெளியே வந்திருக்கும். அவர் கேட்கவில்லை. சோடி இல்லாத அந்த ஒற்றைச் சரத்தை மடித்துப் பெட்டியில் வைத்து, அலுமாரிக்கு மேலே தள்ளிவிட்டார்.

ஏழாம் திருவிழா. பொழுது மங்கினதும் அப்பா பூட்டின பதினொரு சோடியும் எரியத் தொடங்கின. அவை எரிந்த அழகு இருக்கிறதே! லைற்காரருடைய மயில்போல ஓடவில்லை, கண்ணைக் குத்தவில்லை. சின்னச் சின்னதாக, மஞ்சளும் சிவப்புமாக, மண்டபத் தூண்களைச் சுற்றி அமைதியாக எரிந்தன. சனம் அண்ணாந்து பார்த்தது. "கனடா லைற்றாம், கனடா லைற்றாம்" என்று வெளிவீதி வரைக்கும் கதை போயிற்று. மாமி பட்டுச் சேலையில் நின்று ஒவ்வொருவருக்கும் தலையாட்டினா. நான் மட்டும் உள்ளே போகவில்லை. மீன் தின்றவள் கிட்டப் போனால் இவையும் போய்விடும் என்று, வாசலுக்கு வெளியே ஒரு காலை மாற்றி மறு காலில் நின்றேன்.

அப்போது மாமி கைப்பையைத் திறந்தா. உள்ளே அந்த ஒற்றைச் சரமும் அடப்டரும்.

"அலுமாரிக்கு மேலை கிடந்தது. மறந்துபோய் விட்டிட்டான் போல" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு, வசந்த மண்டப வாசலில் அதைத் தன் கையாலேயே பூச்சரத்தோடு சேர்த்துக் கட்டினா. அம்மா அங்கே நிற்கவில்லை, கதிரை கொண்டுபோக நானும் போகவில்லை. வந்த நாளிலிருந்து மாமியை ஒரு வேலை செய்ய விட்டது அந்த ஐந்து நிமிசம்தான். அடப்டரைக் குத்தினா. பிறகு சுற்றிப் பார்த்து என்னைக் கண்டுவிட்டா.

"வா குஞ்சு, என்னோடை நிண்டு சுவிச்சைப் போடு."

"நான் மாட்டன் மாமி."

"ஏன்? வா எண்டால் வா!" என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனா.

உள்ளே அப்பா ஐயருக்கு முன்னால் தர்ப்பை போட்ட விரலோடு இருந்தார். உபயகாரர் அந்த இடத்தை விட்டு எழும்ப ஏலாது. அவர் எங்களைக் கண்டார், வாசலில் கட்டின சரத்தைக் கண்டார். வேண்டாம் வேண்டாம் என்று தலையை ஆட்டினார். வடிவாயிருக்கு என்று தம்பி தலையாட்டுகிறான் என்று நினைத்து மாமியும் சிரித்துக்கொண்டு தலையாட்டினா. திரை விலகியது. மணி, மேளம், சங்கு எல்லாம் ஒன்றாக எழும்பின. மாமி என் விரலைப் பிடித்துச் சுவிச்சில் வைத்து அமத்தினா.

வெள்ளை வெளிச்சம். பட் பட் பட். அத்தோடு கோயில் முழுக்க இருட்டு.

"நான் மீன் திண்டனான்!" என்று நான் கத்தினேன். "மூண்டாம் திருவிழாவுக்கு மீன் திண்டனான்! மற்றச் சரத்தையும் நான்தான் எரிச்சனான்!"

மேளம் நின்றுபோயிற்று. அந்த இருட்டுக்குள் ஐயரின் குரல் மட்டும் ஆறுதலாக வந்தது. "பிள்ளை, மீன் திண்டால் பியூஸ் போகாது. ஆராவது அந்த ரொர்ச்சை அடியுங்கோ."

கோயிலே சிரித்தது. ஒவ்வொரு போனாக வெளிச்சம் வந்தது. ஐயர் போகச் சொன்னதும் அப்பா எழும்பி ஓடிப்போய், அந்தச் சரத்தைப் பிடுங்கி எறிந்துவிட்டு மெயின் சுவிச்சைத் தூக்கினார். பதினொரு சோடியும் ஒன்றும் நடக்காத மாதிரித் திரும்ப எரிந்தன. அம்மன் ஆடி அசைந்து வெளியே வந்தா. எங்கள் திருவிழா தப்பிவிட்டது. அடுத்த நாள் ஊரில் "லைற் எப்பிடி?" என்று கேட்டவர்களுக்கு முதல்முறையாக எங்கள் பெயரைத்தான் சொன்னார்கள்.

மாமி கறுத்துப்போன சரத்தைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தா. முற்றத்தில் நின்று அப்பாவிடம் கேட்டா.

"இது எரிஞ்சுபோச்சு. மற்றதுகள் ஏன் எரிஞ்சு போகேல்லை?"

அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். அங்கத்தைக் கரண்டைவிட இங்கத்தைக் கரண்ட் இரண்டு மடங்காம். தனியாகக் குத்தினால் தாங்காதாம். இரண்டை ஒன்றாக முறுக்கினால் பாதி பாதியாகப் பிரித்துக்கொள்ளுமாம்.

"அப்ப உனக்கு முதலே தெரியும்?"

"ஓம் அக்கா. வயரிலையே எழுதிக் கிடந்தது."

"ஏன்ரா எனக்குச் சொல்லேல்லை? விசர் அக்கா, மாறிக் கொண்டுவந்திட்டாய் எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே?"

"இவ்வளவு தூரம் ஆசையாக் கொண்டுவந்தனீங்கள். உங்கடை மனம் நோகக்கூடாது எண்டுதான்…"

மாமி கறுத்த சரத்தைக் கையில் சுற்றினா. பிறகு, "நான் என்ன இந்த வீட்டுக்கு விருந்துக்கே வந்தனான்?" என்றா.

அதற்கு மேல் எனக்குக் கேட்கக் கிடைக்கவில்லை, ஏனென்றால் அம்மாவின் கை என் காதுக்கு வந்துவிட்டது. மீனுக்கு ஒரு முறுக்கு, சரத்துக்கு ஒரு முறுக்கு, பொய்க்கு ஒன்று, சாம்பிராணிக்கு எல்லாவற்றையும்விடப் பெரிய ஒன்று. "மூதேசி, சனத்துக்கு முன்னாலை எங்கடை மானத்தை வாங்கிப்போட்டாய்!" அப்பாவும் தன் பங்குக்கு ஏசிப் பேசினார். பேசப் பேச அவருக்கு உற்சாகம் கூடினது மாதிரி இருந்தது. நான் வீடு அதிரக் குழறி அழுதேன்.

மாமி எனக்குப் பக்கத்தில் வந்து நின்றா. என்னைக் காப்பாற்றப்போறா என்று நினைத்தேன். அவ அம்மாவைப் பார்த்து, "எனக்கும் ரெண்டு பேச்சுப் பேசுங்கோவன் மச்சாள். கோயிலை இருட்டாக்கினது நான்தானே" என்றா.

அம்மா திடுக்கிட்டு என் காதை விட்டா. உடனே முகமெல்லாம் சிரிப்பாக்கிக்கொண்டு, "என்ன மச்சாள் நீங்கள்! உங்களைப்போய் ஆர் பேசுறது? இருங்கோ, தேத்தண்ணி ஊத்திக்கொண்டு வாறன்" என்று குசினிக்குள் ஓடினா.

அப்பா கதிரையைக் கொண்டுவந்து போட்டார்.

இதென்ன நியாயம் என்று எனக்குப் பற்றி எரிந்தது. நான் எரித்ததும் ஒரு சரம், மாமி எரித்ததும் ஒரு சரம். சுவிச்சில் இருந்தது இரண்டு பேரின் விரலும்தான். எனக்குக் காது சிவக்கச் சிவக்க முறுக்கு, அவவுக்குச் சீனி போட்ட தேத்தண்ணி. அதை நினைக்க நினைக்க எனக்கு இன்னும் பலமாக அழுகை வந்தது. கதிரையில் இருந்த மாமியும் அழுதுகொண்டிருந்தா. அடி வாங்காதவ எதற்கு அழுகிறா என்று நான் அழுகைக்குள்ளும் அவவை முறைத்துப் பார்த்தேன்.